நித்தியகல்யாணியின் மற்ற பெயர்கள்

ஜனவரி 6, திங்கள்

ரசம் வைத்தேன். உலகம்மை ஒரு வாய் குடித்துவிட்டு, "புளியக் கரைச்ச தண்ணிக்கு ரசம்னு பேரு வெச்சா அது ரசமாயிருமா?" என்று கேட்டாள். நாக்கில் ருசியே தெரியவில்லை என்று டாக்டரம்மாவிடம் அழுதவள்தான். என் ரசத்தில் குறை சொல்ல மட்டும் அந்த நாக்கு எழுந்து உட்கார்ந்துவிடுகிறது. எனக்கு அது சந்தோஷமாகத்தான் இருந்தது.

மின்வாரியத்தில் ஃபோர்மேனாக இருந்து ரிட்டையர் ஆனவன் நான். சப்-ஸ்டேஷனில் மணிக்கு மணி ரீடிங் எழுதிப் பழகிய கை, தினம் நாலு வரி எழுதாவிட்டால் அரிக்கும். முன்பெல்லாம் மழை பெய்தது, டிரான்ஸ்ஃபார்மர் புகைந்தது, இன்னார் வீட்டில் விசேஷம் என்று எழுதுவேன். இப்போது எழுத ஒன்றே ஒன்றுதான் இருக்கிறது.

உலகுவின் கழுத்தில் வந்த கட்டி புற்றுநோய் என்று தீபாவளி கழித்துச் சொன்னார்கள். நிணநீர்க் கட்டிகளில் வருகிற வகையாம். திருநெல்வேலியில் மூன்று வாரத்துக்கு ஒரு தடவை மருந்து ஏற்றுகிறார்கள், மொத்தம் ஆறு தடவை. முதல் தடவை முடிந்து, முடியெல்லாம் தலையணையோடு வந்துவிட்டது. நாளைக் கழித்து இரண்டாவது.

சாயந்தரம் எதிர்வீட்டுச் சொர்ணம் இட்லிப் பொடி கொண்டுவந்தாள். நல்ல மனுஷி, வாய்தான் சும்மா இருக்காது. காம்பவுண்ட் சுவர் ஓரமாக உலகு வளர்த்து வைத்திருக்கிற நித்தியகல்யாணிச் செடிகளைப் பார்த்து நின்றாள்.

"அண்ணாச்சி, தப்பா நெனைக்காதீங்க. சீக்காளி இருக்க வீட்டு வாசல்ல சுடுகாட்டு மல்லி ஆகாது. பிடுங்கிப் போட்டுருங்க."

எனக்கும் அந்தச் செடி மேல் பெரிய மரியாதை கிடையாது. தண்ணீர் ஊற்றாவிட்டாலும் வளரும், பிடுங்கினாலும் வளரும், சுவர் வெடிப்பிலும் வளரும். களை என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தேன். நான் பதில் சொல்வதற்குள் உள்ளேயிருந்து உலகுவின் குரல் வந்தது.

"சொர்ணம், நீ சுடுகாட்டுக்குப் போயிப் பாத்தியா? எந்தப் பொம்பள போயிருக்கா? அங்க போற ஆம்பளைங்க வெச்ச பேரு அது. வாசத் தெளிக்கிற பொம்பளைங்க வெச்ச பேரு நித்தியகல்யாணி."

சொர்ணம் வாயை மூடிக்கொண்டாள். அது அபூர்வம்.

ஜனவரி 8, புதன்

செங்கோட்டை பாசஞ்சரில் இடம் கிடைத்தது. ஆஸ்பத்திரியில் கட்டிலுக்குத்தான் காத்திருக்க வேண்டியிருந்தது.

மருந்து ஏற்றுகிற நர்ஸ் பெயர் ஷைனி. புனலூர்ப் பக்கம். உலகுவின் கையில் நரம்பு தேடிக்கொண்டே, "பேடிக்கண்டாம்மே, பயப்படாதீங்க. இது ஒரு பூச்செடியிலேருந்து எடுக்கற மருந்தாக்கும்" என்றாள்.

"என்ன செடி?"

"நீங்கள்லாம் நித்தியகல்யாணின்னு சொல்லுவீங்கல்ல, அது."

உலகு திரும்பி என்னைப் பார்த்த பார்வையை எப்படி எழுதுவது? கல்யாணம் ஆன நாளிலிருந்து நடந்த அத்தனை வழக்கிலும் ஒரே நேரத்தில் ஜெயித்தவள் பார்வை அது. "களைன்னு சொன்னியள்லா?" என்றாள்.

எனக்குக் கோபம் வரவில்லை. கூத்தாட வேண்டும் போலிருந்தது. "சிஸ்டர், எங்க வீட்டு வாசல் பூரா அதுதான் நிக்கி!" என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன். பக்கத்துக் கட்டில்காரர் விழித்துக்கொண்டார்.

உலகு கேட்டாள்: "உங்க ஊருல இதுக்கு என்ன பேரு சிஸ்டர்?"

ஷைனி சிஸ்டர் உடனே சொல்லவில்லை. சொட்டு விழுகிறதா என்று குழாயை இரண்டு தடவை பார்த்தாள். அப்புறம், "உஷமலரின்னு பறயும். காலைல விரியற பூ" என்றாள்.

டீ வாங்கப் போன இடத்தில் செங்கோட்டைக்கார அட்டெண்டரிடம் இந்தப் பேச்சை எடுத்தேன். அவன் சிரித்தான். "உஷமலரியா? சவநாறிம்பாங்க சார் அங்க. கல்லறைத் தோட்டத்துல நிக்கிற செடி." நான் டீயோடு திரும்பி வந்தேன். உலகும் ஷைனி சிஸ்டரும் தலையை ஒட்டி வைத்து ஏதோ பேசிக்கொண்டிருந்தவர்கள், என்னைக் கண்டதும் நிறுத்திவிட்டார்கள். பெண்கள் விஷயம் போல. அட்டெண்டர் சொன்னதை உலகுவிடம் நான் சொல்லவில்லை.

ஒரு பூவுக்கு ஏன் இத்தனை பெயர்? மின்கம்பத்துக்கு ஒரே நம்பர்தான். அதைச் சொன்னால் போதும், எந்த இருட்டிலும் போய் அதன் கீழே நின்றுவிடுவேன்.

ஜனவரி 9, வியாழன்

வாந்தி. கஞ்சித் தண்ணீர் மட்டும். நான் செய்வதற்கு ஒன்றுமே இல்லை. வாளியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

ஜனவரி 11, சனி

இன்று ஒரு வேலை செய்தேன்.

என்னோடு லைன்மேனாக இருந்த இசக்கி, சர்க்கரைக்கு நித்தியகல்யாணிக் கஷாயம் குடிக்கிறவன். அவனுக்கு போன் போட்டுக் கேட்டேன். ஒரு கைப்பிடி இலை, பத்துப் பதினைந்து பூ, நாலு மிளகு, இரண்டு டம்ளர் தண்ணீர் ஒரு டம்ளராகச் சுண்ட வேண்டும். அவ்வளவுதான்.

ஆஸ்பத்திரியில் கொடுப்பதும் இதே செடிதான். அங்கே மூன்று வாரத்துக்கு ஒரு தடவை. வீட்டில் வாசலிலேயே நிற்கிறபோது தினமும் கொடுத்தால் நோய் எங்கே போய் நிற்கும்? இவ்வளவு நாளும் அந்தச் செடி இவளுக்காகத்தான் அந்தச் சுவர் ஓரத்தில் காத்துக்கொண்டிருந்தது என்று தோன்றியது. அழுகை வந்துவிட்டது, மிளகு இடிக்கும்போது.

டம்ளரைக் கொண்டுபோய் நீட்டினேன். உலகு டம்ளரையும் பார்த்தாள், என்னையும் பார்த்தாள்.

"ஆயிரம் பேரக் கொன்னாத்தான் அரை வைத்தியன்பாங்க. எங்கிட்ட இருந்தா கணக்க ஆரம்பிக்கிய?"

"சும்மா குடிளா. இசக்கி கல்லு மாதிரி இருக்கான்."

"கசக்குமே. ஒரு துண்டு கருப்பட்டி எடுத்துட்டு வாங்களேன்."

கருப்பட்டி டப்பா பரண் மேல் இருந்தது. ஸ்டூல் போட்டு ஏறி எடுத்துக்கொண்டு வந்தேன். அதற்குள் டம்ளர் காலி. கட்டிலில் சன்னலைப் பார்த்து உட்கார்ந்து வாயைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கருப்பட்டி வரும் வரைகூடப் பொறுக்கவில்லை, ஒரே மடக்காகக் குடித்துவிட்டாள். மனசுக்குள் பிழைக்க வேண்டும் என்கிற ஆசை இருந்தால்தான் ஒருத்தி அப்படிக் குடிப்பாள்.

ஜனவரி 14, செவ்வாய்

பொங்கல். குக்கரில் ஒரு விசில். வாசலில் அடுப்புக் கூட்டவில்லை. உலகு கட்டிலில் இருந்தபடியே "குலவையாவது போடுங்க அத்தான்" என்றாள். போட்டேன். தெருநாய் ஒன்று பதிலுக்குக் குரைத்தது. அவள் சிரித்துச் சிரித்து இருமினாள்.

புனேயிலிருந்து மகள் வடிவு வீடியோவில் வந்தாள். அம்மாவின் மொட்டைத் தலையைப் பார்த்து அழக் கூடாது என்று உதட்டைக் கடித்துக்கொண்டே பேசினாள். கடைசியில் என்னிடம், "அப்பா, நெட்டுல அதையும் இதையும் பாத்து அம்மாவுக்கு ஏதும் குடுத்துராதீங்க. எதுன்னாலும் டாக்டர்ட்ட கேட்டுக்கோங்க" என்றாள்.

நான் நெட் பார்த்துக் கொடுக்கவில்லை. இசக்கி சொல்லித்தான் கொடுத்தேன். ஆகவே "சரிம்மா" என்று சொல்லிவிட்டேன்.

ஜனவரி 20, திங்கள்

இந்த வேகத்தில் பறித்தால் வாசல் செடி மொட்டையாகிவிடும். கல்லிடைக்குறிச்சி ரோட்டில் இருக்கிற நர்சரிக்குப் போய் நித்தியகல்யாணி நாற்று கேட்டேன். அங்கே இருந்த பெண் அப்படி ஒன்று இல்லை என்றாள். கண்ணெதிரே வரிசை வரிசையாக நிற்கிறது!

"இது என்னம்மா?"

"இதா? வின்கா சார். ஹைப்ரிட். பெங்களூர்லேருந்து வருது."

"இத எங்க ஊருல சுடுகாட்டு மல்லின்னு சொல்லுவோம்."

"அய்யோ, மெல்லப் பேசுங்க சார், வாங்குதவங்க நிக்காங்க."

பெயரை மாற்றித் தொட்டியில் வைத்தால் மவுசு வந்துவிடுகிறது. எட்டுத் தொட்டி வாங்கி ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்தேன். உலகு வாசலுக்கு வந்து பார்த்து, "வீட்டுல சும்மா மொளைக்கிறதப் போயி வாங்கிட்டு வந்திருக்காரு பாரு மனுசன்" என்று சொர்ணத்திடம் சொன்னாள். குரலில் கேலிதான். ஆனால் முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். தூசி விழுந்திருக்கும்.

கஷாயம் காலையில் ஒரு டம்ளர், தவறாமல். இன்று "மிளகு காரமா இருக்கு, வெந்நி வேணும்" என்றாள். வெந்நீர் கொண்டுவருவதற்குள் முடித்துவிட்டாள். கசப்பு என்று ஒரு முறை முகம் சுளித்ததில்லை. இவளை நான் இத்தனை வருஷமும் சரியாகப் புரிந்துகொள்ளவில்லை.

ஜனவரி 29, புதன்

மூன்றாவது மருந்து ஏறியது. டாக்டரம்மா கழுத்தைத் தடவிப் பார்த்து, கட்டி நன்றாகச் சுருங்கியிருக்கிறது என்றார். எனக்கு மார்பு விம்மிவிட்டது. டாக்டரம்மா தன் மருந்து என்று நினைத்துக்கொள்ளட்டும். பாதி யாருடையது என்று எனக்குத் தெரியும்.

ஷைனி சிஸ்டர் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். பிறகு உலகுவைப் பார்த்தாள். உலகு லேசாகத் தலையை ஆட்டினாள். எதற்கு என்று தெரியவில்லை.

வருகிற வழியில் உலகு விரல் நுனியெல்லாம் மரத்துப்போய்விட்டது என்றாள். ரவிக்கை ஊக்கு மாட்ட வரவில்லை. இனிமேல் நான்தான் மாட்டிவிட வேண்டும். வயசான காலத்தில் இந்த உத்தியோகம். "கண்ணத் தொறந்துட்டு மாட்டுங்க, ஷாக் அடிச்சிராது" என்கிறாள்.

பிப்ரவரி 5, புதன்

இட்லி பூப்போல வந்தது. இரண்டு சாப்பிட்டாள். இன்று எழுத வேறொன்றும் வேண்டாம்.

பிப்ரவரி 9, ஞாயிறு

சொர்ணம் வந்து வாசலில் தயங்கி நின்றாள். அவளுக்குச் சர்க்கரை ஏறியிருக்கிறதாம். "அண்ணாச்சி, அந்த நித்தியகல்யாணிப் பூவு நாலு பறிச்சுக்கிடட்டுமா?"

"எந்தப் பூ?" என்றேன், காது கேட்காதவன் மாதிரி.

"நித்தியகல்யாணி அண்ணாச்சி."

உள்ளேயிருந்து உலகு, "சுடுகாட்டு மல்லி எங்க போச்சு சொர்ணம்?" என்றாள். மூன்று பேரும் சிரித்தோம். அவசரத்துக்கு ஒரு பெயர், ஆத்திரத்துக்கு ஒரு பெயர்.

சொர்ணம் போன பிறகு உலகு, "அவள அதக் காய்ச்சிக் குடிக்க வேண்டாம்னு சொல்லுங்க அத்தான், மாத்திரையவே ஒழுங்காத் திங்கச் சொல்லுங்க" என்றாள். தான் குடிக்கிறதை இன்னொருத்தி குடிக்கக் கூடாதாம். பெண்களுக்கு இதிலும் பொறாமையா என்று கேலி செய்தேன்.

பிப்ரவரி 19, புதன்

நாலாவது மருந்து ஏற்றவில்லை. ரத்தத்தில் வெள்ளை அணு குறைந்துவிட்டதாம், ரத்தத்தை உறைய வைக்கிற தட்டணுவும் குறைவாம். ஒரு வாரம் கழித்து வரச் சொன்னார்கள். ஆஸ்பத்திரியில் இது சகஜம் என்றார்கள். சகஜம் என்று சொல்கிறவர்கள் வீட்டில் யாரும் படுத்திருக்கவில்லை.

வீட்டுக்கு வந்து பார்த்தால் முழங்கைக்குக் கீழே நீலமாக ஒரு தடிப்பு. எங்கேயும் இடித்துக்கொள்ளவில்லை என்கிறாள்.

பிப்ரவரி 20, வியாழன்

ஆஸ்பத்திரி மருந்து தள்ளிப்போகிறது என்றால் வீட்டு மருந்தைக் கூட்ட வேண்டியதுதானே? இலையை இரண்டு கைப்பிடியாக்கினேன். சாயந்தரமும் ஒரு டம்ளர்.

பிப்ரவரி 26, புதன்

எழுதக் கை வரவில்லை. இருந்தாலும் எழுதுகிறேன்.

இன்றும் அணுக்கள் ஏறவில்லை. போன வாரத்தைவிடக் குறைவு. உலகுவுக்கு ரத்தம் ஏற்றப் படுக்க வைத்துவிட்டு, டாக்டரம்மா என்னை மட்டும் வராந்தாவுக்குக் கூப்பிட்டார்.

"ஐயா, மருந்து ஏத்தி நாலு வாரம் ஆச்சு. இந்நேரம் ஏறியிருக்கணும். வெளியில ஏதாவது நாட்டு மருந்து, கஷாயம், அப்படிக் குடுக்கறீங்களா?"

"ஏன் கேக்கிய டாக்டரம்மா?" என்றேன்.

"சில பேர் இந்தச் செடியையே காய்ச்சிக் குடுத்துடறாங்க. அது விஷம். எலும்புக்குள்ள ரத்தம் ஊறறதையே நிறுத்திடும். அப்படி ஏதாவது இருந்தா ஒளிக்காமச் சொல்லுங்க. நிறுத்தினா ரெண்டு வாரத்துல ஏறிடும், ட்ரீட்மெண்டத் தொடரலாம்."

"இல்லைன்னா?"

அவர் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டார். "இல்லைன்னா நோய் எலும்பு மஜ்ஜைக்குள்ள போயிடுச்சுன்னுதான் நெனைக்கணும். பன்னண்டாம் தேதி ரத்தம் பார்ப்போம். அப்பவும் ஏறலைன்னா மஜ்ஜையில ஊசி போட்டு உறுதி பண்ணலாம். ஆனா அதுக்கப்புறம் நம்ம கையில பெருசா ஒண்ணும் இல்லைங்கய்யா."

நான் இல்லை என்று சொல்லிவிட்டேன். ஒன்றும் கொடுக்கவில்லை என்று சொன்னேன். ஆளைக் கொல்லப் பார்த்தவன் என்று அந்த அம்மா என்னைப் பார்ப்பதை என்னால் தாங்க முடியாது. ஷைனி சிஸ்டர் இன்று வரவில்லை, லீவாம்.

உலகுவுக்கு இந்தப் பேச்சு எதுவும் தெரியாது. "என்ன சொன்னாங்க?" என்றாள். "ரத்தம் ஏத்தினா சரியாயிரும்னாங்க" என்றேன்.

வீட்டுக்கு வந்ததும் கஷாயச் சட்டியை எடுத்துக் கொல்லைப்பக்கம் வீசினேன். நான்தான் செய்தேன். என் கையால் தினமும் ஊற்றினேன். போன வாரம் இரண்டு வேளையாக்கினேன்.

மார்ச் 1, சனி

காலையில் உலகு, "என்ன, வைத்தியர் லீவா? கஷாயத்தக் காணும்?" என்றாள்.

"செடியில பூச்சி விழுந்திருக்கு. கொஞ்ச நாளு போகட்டும்."

"அப்படியா?" என்றவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

இதை வேறு யாரிடமும் சொல்ல முடியாது, இங்கேதான் எழுத வேண்டும். எனக்கு ஒரு பக்கம் செத்துவிடலாம் போலிருக்கிறது. இன்னொரு பக்கம் நிம்மதியாக இருக்கிறது. ஊரே இருண்டு கிடக்கும்போது ஃபால்ட் எங்கே என்று தெரியாமல் அலைவதுதான் கொடுமை. தெரிந்துவிட்டால் ஃப்யூஸைப் பிடுங்கிவிட்டு வேலையைப் பார்க்கலாம். இப்போது ஃபால்ட் நான்தான். பிடுங்கியாயிற்று. இனி ஏறும். ரெண்டு வாரத்தில் ஏறும் என்று டாக்டரம்மா வாயாலேயே சொல்லியிருக்கிறார்.

மார்ச் 4, செவ்வாய்

முகத்தில் கொஞ்சம் தெளிச்சி தெரிகிறது. அரை இட்லி கூடச் சாப்பிட்டாள். சொர்ணத்திடம், "உன் மயினி முகம் தேவல இல்ல?" என்று கேட்டேன். அவள், "ஆமா அண்ணாச்சி" என்றாள். கொஞ்சம் யோசித்துத்தான் சொன்னாள்.

மார்ச் 6, வியாழன்

ஏறுகிறது. எனக்குத் தெரிகிறது.

மார்ச் 8, சனி

நீலத் தடிப்பு தொடையிலும் வந்திருக்கிறது. பழைய விஷம் உடம்பைவிட்டு இறங்க நாளாகும்தானே? அடைத்துக்கொண்ட சாக்கடை ஒரே நாளில் ஓடிவிடாது. வடிவு போனில் அழுதாள், டிக்கெட் போடட்டுமா என்றாள். பன்னிரண்டாம் தேதி பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றேன். நல்ல செய்தியாகவே சொல்லலாமே.

மார்ச் 11, செவ்வாய்

மத்தியானம் உலகுவின் ஈறிலிருந்து ரத்தம் வந்தது. பஞ்சை வைத்து ஒற்றி எடுத்தேன். பஞ்சை மாற்ற மாற்ற வந்துகொண்டே இருந்தது. அவள் ஒன்றும் சொல்லாமல் வாயைத் திறந்து காட்டிக்கொண்டிருந்தாள், குழந்தை மாதிரி. என்னால் அடக்க முடியவில்லை. கட்டில் காலடியில் உட்கார்ந்து அழுதுவிட்டேன்.

"நாந்தாம்ளா உன்னக் கெடுத்துட்டேன். அந்தக் கஷாயம் விஷமாம். அதுதான் ரத்தம் ஊறல. டாக்டரம்மா நேராக் கேட்டாங்க, பயந்து இல்லைன்னுட்டேன். நாந்தாம்ளா செஞ்சேன்."

அவள் சிரிக்கப் பார்த்தாள், ஈறு வலித்திருக்கும், நிறுத்திக்கொண்டாள்.

"இதுக்கா இத்தன நாளா மூஞ்சியத் தொங்கப் போட்டுட்டுத் திரிஞ்சிய? கிட்ட வாங்க."

போனேன். மரத்துப்போன விரலால் என் கன்னத்தைத் துடைத்தாள்.

"நான் ஒரு நாளு கூட அதக் குடிக்கல அத்தான்."

எனக்குப் புரியவில்லை.

"ரெண்டாவது மருந்து ஏத்துன அன்னைக்கு நீங்க டீ வாங்கப் போனியள்லா, அப்பவே ஷைனி சிஸ்டர் சொல்லிட்டா. சார் குதிக்கிற குதியப் பாத்தா வீட்டுக்குப் போனதும் காய்ச்சிருவாரு, ஒரு சொட்டு குடிக்கக் கூடாது அம்மே, விஷமாக்கும்னா. நீங்க கருப்பட்டி எடுக்கப் போவிய, வெந்நி எடுக்கப் போவிய. நான் சன்னல் வழியா ஊத்திருவேன்."

"எங்கிட்டச் சொல்லியிருக்கலாம்லா?"

"சொல்லலாம்னுதான் இருந்தேன். நோவு வந்ததுலேருந்து நீங்க பேயறைஞ்சாப்ல இருந்திய. எங்க நிக்கணும், எதப் பிடிக்கணும்னு தெரியாம முழிப்பிய. காலம்பற அந்த எலையப் பறிச்சு, கழுவி, மிளகு இடிச்சுட்டு வருவிய பாருங்க, அப்பத்தான் பழைய ஃபோர்மேன் வந்தாப்ல இருக்கும். அதையும் எதுக்குப் பிடுங்கணும்னு விட்டுட்டேன்."

என் தலையைத் தன் மடியோடு சேர்த்துக்கொண்டாள்.

"உங்களால ஒண்ணும் இல்ல. கேட்டியளா? இந்தப் பாவத்தத் தூக்கித் தலையில வெச்சுக்கிடாதீங்க. உங்களால ஒண்ணுமே இல்ல."

"அப்பாடா" என்றேன். வேறு என்ன சொல்வது? என் நெஞ்சிலிருந்த பாரத்தை இறக்கிவிட்டோம் என்று அவள் முகம் அப்படி மலர்ந்திருந்தது. நான் சிரித்துக்காட்டினேன். "என்னையே ஏமாத்திட்டியேளா, கள்ளி" என்றுகூடச் சொன்னேன். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டே தூங்கிவிட்டாள்.

டாக்டரம்மா வராந்தாவில் வைத்துச் சொன்ன இன்னொரு பாதி அவளுக்குத் தெரியாது.

அவள் நன்றாகத் தூங்கிய பிறகு வெளியே போய்ச் சன்னலுக்குக் கீழே பார்த்தேன். வெள்ளைச் சுவரில் பச்சையும் பழுப்புமாக, தரை வரைக்கும் ஒரு நீளக் கறை. கையை வைத்துத் தேய்த்துப் பார்த்தேன். போகவில்லை. ஒரு நாள், இரண்டு நாள் ஊற்றினால் அவ்வளவு கறை படியாது.

மார்ச் 12, புதன்

பாசஞ்சருக்கு இன்னும் நேரம் இருக்கிறது. உலகு குளித்துவிட்டாள். ஊக்கு மாட்டிவிட்டேன். இன்று அவள் முகத்தில்தான் தெளிச்சி. "முன்னாடியே சொல்லியிருக்கலாம் போல, ராத்திரி பூரா நல்லாத் தூங்குனிய" என்கிறாள். நான் கண்ணை மூடிக்கொண்டு படுத்திருந்தேன், அவ்வளவுதான்.

பாபநாசம் கோயிலில் இருக்கிற அவள் பெயர்க்காரி அம்மனுக்கு ஒரு பட்டு நேர்ந்துகொண்டேன். இத்தனை வருஷத்தில் உலகு எனக்குத் தெரிந்து ஒரு பொய் சொன்னதில்லை. அதில் எனக்குப் பெருமையும் உண்டு. தாயே, நேற்று அவள் சொன்னது மட்டும் பொய்யாக இருக்க வேண்டும். நான் அழுததைப் பொறுக்காமல் சொல்லியிருக்க வேண்டும். சுவரில் ஊற்றியது போக மிச்சத்தையாவது, பாதி டம்ளராவது, அந்த விஷத்தை அவள் குடித்திருக்க வேண்டும்.